கேக் வெட்டும்போது காமிரா எங்கே இருந்தது

மாப்பிள்ளையின் அப்பா ஒமுர்பெக் கேட்ட
அந்த ஒரு கேள்விக்கு
சாய்கல் ஒரு பொய் சொல்லியிருக்கலாம்.
பேட்டரி தீர்ந்துவிட்டது, கார்டு நிறைந்துவிட்டது,
எங்கள் தொழிலில் பொய்களுக்கா பஞ்சம்?
"சமையலறைக்குப் பின்னால்" என்றாள்.

அங்கே
முந்நூறு தட்டு கழுவி முடித்த நான்கு பெண்கள்
கவிழ்த்த வாளிகளில் உட்கார்ந்து
ஆறிப்போன புலாவை
ஒரே தட்டில் தின்றுகொண்டிருந்தார்கள்.
இன்னொரு தட்டை எடுத்தால்
இன்னொரு தட்டைக் கழுவ வேண்டுமே
என்று சூராகான் அக்கா சொல்லிச் சிரித்தது
என் மைக்கில் இருக்கிறது.

நான் எர்மெக். கம்பு பிடிப்பவன்.
கம்பின் நுனியில் ரோமம் போர்த்திய மைக்.
கல்யாண வீட்டுக் குழந்தைகள்
செத்த பூனை என்று அதைத் தடவிப் பார்ப்பார்கள்.

கூலி வரவில்லை.
பிஷ்கெக் திரும்பும் பெட்ரோலும் எங்கள் கைக்காசு.

அடுத்த வாரம் மடிக்கணினியைத் தூக்கிக்கொண்டு
சூராகான் வீட்டுக்குப் போனாள்.
இதைப் படமாக்கலாமா அக்கா?
ஆக்கு, என் பல்லை மட்டும் காட்டாதே.
அதனால் அந்தச் சிரிப்பு படத்தில்
முகமில்லாமல் வரும்.
தட்டு தெரியும், ஈரக் கைகள் தெரியும்,
சிரிப்பு வேறெங்கோ இருக்கும்.
விமர்சகர் ஒருவர் இதைத் துணிச்சலான அழகியல் என்றார்.
சாய்கல் மறுக்கவில்லை.

பதினான்கு நிமிடப் படம்.
விழாக்களுக்கு அனுப்பக் கட்டணம்.
அரைப் பிறந்தநாள் எடுத்தால் ஒரு விழா,
ஒரு கல்யாணம் எடுத்தால் ஐந்து.
வருந்துகிறோம், வருந்துகிறோம் என்று
முன்பின் தெரியாத ஊர்களெல்லாம்
எங்களுக்காக வருந்தின.

போலந்தில் ஒரு சிற்றூர் மட்டும் வருந்தவில்லை.
விசா வந்தது,
படம் ஓடி முடிந்த மூன்றாம் நாள்.
அங்கிருந்த தன்னார்வலப் பெண் ஒரு புகைப்படம் அனுப்பினாள்:
பதினோரு தலைகள், அதில் ஒன்று சாய்ந்து தூங்குகிறது.
சாய்கல் அதை அச்செடுத்து
குளிர்பதனப் பெட்டியில் ஒட்டினாள்.
பத்துப் பேர் விழித்திருக்கிறார்கள் பார், எர்மெக்.

பிறகு முழுநீளப் படம். நிதி.
நீள மேசைக்குப் பின்னால் மூன்று பேர்.
உங்கள் கதையில் மலை எங்கே?
குளிர்காலத்தில் கரிப்புகை,
மலை எங்களுக்கே தெரிவதில்லை என்றாள்.
கழுகு?
தட்டு கழுவுகிறவர்களுக்குக் கழுகு எதற்கு?
குதிரையாவது?

குதிரையைச் சேர்த்துவிடு என்று
அன்றிரவு சொன்னவன் நான்தான்.
இதுவரை யாரிடமும் சொன்னதில்லை.

ஒரு நாள் வாடகைக்கு ஒரு சாம்பல் குதிரை.
நில் என்றால் நடந்தது, நட என்றால் நின்றது.
கடைசியில் வசனத் தாளைத் தின்றது.
தொகுப்பில் அதை முழுதாக வெட்டி எறிந்தாள்.
கொடுத்த பணத்தில் மூன்றில் ஒரு பங்கை
நிதிக்காரர்கள் பிடித்துக்கொண்டார்கள்.
ஆனால் அதன் மூச்சு
என் ஒலித்தடத்தில் இருந்தது.
பனிக்காலை, ஈரமான, பெரிய மூச்சு.
இரவுச் சமையலறைக் காட்சியின் அடியில்
அவளைக் கேட்காமல் வைத்துவிட்டேன்.
இரண்டு முறை கேட்டாள். எடுக்கச் சொல்லவில்லை.

படம் வெளியானது
ஒரு செவ்வாய்க்கிழமை காலை பத்து மணிக்கு.
வேறு நேரம் கிடைக்கவில்லை.
வேலைக்கு லீவு சொல்லிவிட்டு நான்கு பெண்களும் வந்தார்கள்.
விளக்கு எரிந்ததும் சூராகான் என் சட்டையைப் பிடித்தாள்:
இருட்டில் யாரோ அப்படி மூச்சு விட்டார்களே,
அது நானா?

சாய்கல் என்னைப் பார்த்தாள்.
ஆமாம் அக்கா, நீங்கள்தான் என்றேன்.
நினைத்தேன் என்றாள் அவள்.
அவ்வளவு களைப்பு எனக்கு மட்டும்தான் வரும்.

சனிக்கிழமை டோக்மோக்கில் கல்யாணம்.
கடன் இன்னும் இருக்கிறது.
ஐந்தடுக்குக் கேக்கைத் தள்ளிக்கொண்டு வந்தார்கள்,
எல்லோரும் கைபேசியைத் தூக்கினார்கள்.
முக்காலியில் காமிரா கேக்கையே பார்த்தபடி
தானாக ஓடிக்கொண்டிருந்தது.
பக்கத்தில் சாய்கல் இல்லை.
அவளுடைய சின்னக் காமிராவும் பையில் இல்லை.

கம்பை எடுத்துக்கொண்டு
பின்வாசலுக்கு நடந்தேன்.